வாசல் எந்தப் பக்கம்?

"தாத்தா, மூக்குக் கண்ணாடியைக் கழற்றிவிட்டு இந்த நாற்காலியில் உட்காருங்கள். பத்தே நிமிடம். பேசக்கூடாது" என்றான் பேரன்.

சென்ற தீபாவளி விடுமுறையில், அல்சூர் சோமேஸ்வரர் கோயிலுக்குப் பின்புறம் உள்ள எங்கள் வீட்டுக் கூடத்தில் நடந்தது இது. நீச்சல்காரர்கள் அணிவது போன்ற, ஆனால் அதைவிடப் பெரியதான ஒரு கருவியை என் முகத்தில் மாட்டி, பின்தலையில் பட்டையை இறுக்கினான். ஒரு கணம் இருட்டு. பிறகு நான் அல்சூரில் இல்லை.

என்னைச் சுற்றிலும் பாலைவனம். தலையைத் திருப்பினால் அங்கும் மணல். நிமிர்ந்தால் வானம். பிறகு ஒரு சிறிய அறை. தரையில் ஒரு குடும்பம் உட்கார்ந்திருக்கிறது. அவர்களுக்கு நடுவில், விருந்தாளி மாதிரி நானும் இருக்கிறேன். பன்னிரண்டு வயதுப் பெண்குழந்தை ஒருத்தி தன் கதையைச் சொல்லிக்கொண்டு போகிறாள். பெயர் சிட்ரா. நம் வீட்டுச் சித்ரா இல்லை. சிரியா நாட்டுப் பெண். போருக்குத் தப்பி, ஜோர்டான் நாட்டில் ஸாத்தாரி என்ற அகதி முகாமில் வாழ்ந்தவள். அவளுடைய வகுப்பறையில் உட்கார்ந்தேன். ரொட்டி சுடும் கடையில் நின்றேன். பெண்பிள்ளைகள் மண்தரையில் கால்பந்து ஆடுவதைப் பார்த்தேன். கடைசியில் முகாமின் குழந்தைகள் என்னைச் சுற்றி வட்டமாக நின்றுகொண்டார்கள். எந்தப் பக்கம் திரும்பினாலும் ஒரு குழந்தை முகம்.

கருவியைக் கழற்றியபோது என் கன்னம் நனைந்திருந்தது. பக்கத்தில் இருந்த காபி டம்ளரை எப்போது தட்டிவிட்டேன் என்பதே எனக்குத் தெரியாது. இல்லத்தரசி துடைத்துக்கொண்டிருந்தாள்.

எட்டரை நிமிடமே ஓடும் இந்தப் படத்தின் பெயர் 'க்ளவுட்ஸ் ஓவர் சிட்ரா'. ஐக்கிய நாடுகள் சபைக்காக கேபோ அரோரா, க்றிஸ் மில்க் என்ற இருவர் உருவாக்கியது. 2015 ஜனவரியில், சுவிட்சர்லாந்தின் டாவோஸ் நகரில் உலகப் பணக்காரர்களும் அமைச்சர்களும் கூடும் பொருளாதார மாநாட்டில் இதைக் காட்டினார்கள். அகதிகளின் நிலையை அறிக்கைகளில் மட்டுமே படித்திருக்கக்கூடிய பெரிய மனிதர்களை எட்டரை நிமிடம் முகாமுக்குள் உட்கார வைப்பதுதான் நோக்கம்.

எப்படி நடக்கிறது இந்த மாயம்?

மெய்நிகர் காட்சி என்று தமிழில் சொல்கிறார்கள். சுருக்கமாக வி.ஆர். சாதாரண சினிமாக் காமிரா ஒரு திசையை மட்டும் பார்க்கும். இந்தக் காமிராவிலோ எல்லாத் திசைகளிலும் கண்ணாடி வில்லைகள். மேலே, கீழே, முன்னே, பின்னே என்று எல்லாவற்றையும் ஒரே சமயத்தில் பதிவு செய்கிறது. பிறகு அந்தத் துண்டுகளைக் கணினியில் வைத்து, தையல்காரர் துணியை இணைப்பதுபோல இணைத்து ஒரு கோளமாக்குகிறார்கள். காமிரா எல்லாப் பக்கமும் பார்ப்பதால் படம் எடுப்பவர்களுக்கு அருகில் நிற்க இடமில்லை. காமிராவை நட்டுவிட்டு எங்காவது போய் ஒளிந்துகொள்ள வேண்டியதுதான்.

நாம் மாட்டிக்கொள்ளும் கருவியில், இரண்டு கண்ணுக்கும் இரண்டு வில்லை, உள்ளே ஒரு திரை, தலை எந்தப் பக்கம் திரும்புகிறது என்பதை நொடிக்கு நொடி அளக்கும் உணர்விகள். நாம் திரும்பினால் காட்சியும் திரும்பும். அதனால் 'பார்க்கிறோம்' என்ற எண்ணம் மறைந்து 'இருக்கிறோம்' என்ற எண்ணம் வந்துவிடுகிறது. ஆனால் இத்தகைய படத்தில் பார்க்கலாமே தவிர நடக்க முடியாது. காமிரா நட்ட இடத்திலேயே நாமும் நட்டுவைத்தபடி இருக்க வேண்டும்.

சிட்ராவின் படத்துக்கு முன்னும் பின்னும் பலர் இம்முயற்சியில் இறங்கினார்கள். நானி டி லா பென்யா என்ற அமெரிக்கப் பத்திரிகையாளர், அலெப்போ நகரில் குண்டு வெடிக்கும் தெரு ஒன்றையும் அகதி முகாமையும் 2014-ல் கணினி வழியே உருவாக்கிக் காட்டினார். 2015 நவம்பரில் நியூயார்க் டைம்ஸ் நாளிதழ், உக்ரைன், சிரியா, தெற்கு சூடான் நாடுகளில் வீடிழந்த மூன்று குழந்தைகளைப் பற்றிய படத்தை வெளியிட்டு, அதைக் கைப்பேசியில் பார்ப்பதற்கான அட்டைப்பெட்டியைப் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட சந்தாதாரர்களுக்கு அனுப்பிவைத்தது. மெக்ஸிகோ இயக்குநர் அலெஹாந்த்ரோ இன்யாரிட்டு 2017-ல் கான் திரைப்பட விழாவில் வைத்த படைப்பில், பார்ப்பவர் செருப்பைக் கழற்றிவிட்டு ஒரு குளிர் அறையில் காத்திருக்க வேண்டும். பிறகு வெறுங்காலுடன் மணலில் நடந்தபடியே எல்லை தாண்டும் மக்களோடு சேர வேண்டும். அதற்குச் சிறப்பு ஆஸ்கர் விருதே கொடுத்தார்கள்.

க்றிஸ் மில்க் 2015-ல் ஆற்றிய ஓர் உரையில், பிறர் துயரை உணரவைக்கும் இயந்திரங்களில் இதுவே உச்சம் என்று சொன்னார். யூனிசெஃப் நிறுவனம் தெருமுனைகளில் மக்களுக்கு இந்தப் படத்தைக் காட்டி நன்கொடை கேட்டது. ஆறு பேரில் ஒருவர் கொடுத்தார்கள் என்றும், அது வழக்கத்தைவிட இரண்டு மடங்கு என்றும் அந்நிறுவனம் தெரிவித்தது.

இதையெல்லாம் தேடிப் படித்த எனக்கு உற்சாகம் தாங்கவில்லை. நம் சங்கத்து இளைஞர்களுக்கு இதைக் காட்ட வேண்டும், இரண்டு கருவிகள் வாடகைக்கு எடுத்தால் ஒரே ஞாயிற்றுக்கிழமையில் ஐம்பது பேருக்குக் காட்டிவிடலாம் என்று கணக்குப் போட ஆரம்பித்துவிட்டேன்.

ஒரு தையற்காரரின் கேள்வி

பேரன் ஊருக்குத் திரும்புவதற்கு முந்தின நாள், எங்கள் வீட்டுக்கு ரவிக்கை தைத்துக் கொடுக்கும் பெண்மணி வந்தார். ஆறு வருடமாகப் பழக்கம். இலங்கைத் தமிழர் என்று தெரியும். பேச்சில் எப்போதாவது ஒரு சொல் எட்டிப் பார்க்கும். இங்கே அல்சூரில் ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டு வந்தவர் என்பதும் தெரியும். அதற்குமேல் நான் கேட்டதில்லை. பெயர் போட வேண்டாம் என்று சொல்லியிருக்கிறார்.

"உட்காருங்கள் அம்மா, ஒரு அதிசயம் காட்டுகிறேன்" என்று அவருக்கும் கருவியை மாட்டிவிட்டேன். அவரும் கண் கலங்குவார் என்று எதிர்பார்த்தேன் என்பதை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன்.

அவர் கலங்கவில்லை. சிட்ரா பேசிக்கொண்டிருக்கும்போதே தலையை நன்றாகப் பின்பக்கம் திருப்பினார். பிறகு இடது, வலது. எதையோ தேடுவது தெரிந்தது.

"என்னம்மா பார்க்கிறீர்கள்?"

"வாசல் எந்தப் பக்கம்னு பாக்குறேன் சார். தண்ணி எங்க பிடிக்கிறாங்க, கக்கூஸ் எவ்வளவு தூரம்னும்தான். அதைக் காட்டவே இல்லையே."

படம் முடிந்ததும் கருவியைத் தாமே கழற்றி மடியில் வைத்துக்கொண்டு இன்னொன்று கேட்டார்: "அந்தப் பிள்ளை இப்ப எங்க இருக்கு சார்?"

எனக்குப் பதில் தெரியவில்லை. அதைவிட வெட்கம், அந்தக் கேள்வியே எனக்குத் தோன்றவில்லை. அழுதேன், கண்ணைத் துடைத்தேன், இரண்டாவது காபி குடித்தேன். படம் வந்து பத்து வருடத்துக்கு மேல் ஆகிறது. பன்னிரண்டு வயதுக் குழந்தை இன்று இருபதைத் தாண்டிய பெண். ஸாத்தாரி முகாம் 2012 ஜூலையில் தற்காலிகமாகத் திறக்கப்பட்டது. பிறகு ஏறத்தாழ 80,000 பேர் வாழும் நகரமாகவே ஆகிவிட்டது. 2024 டிசம்பரில் சிரியாவில் ஆட்சி கவிழ்ந்த பிறகு பல குடும்பங்கள் ஊர் திரும்பத் தொடங்கின. இவ்வளவும் பிறகு தேடித் தெரிந்துகொண்டவை. படத்துக்குள் நான் இருந்த எட்டரை நிமிடத்தில் சிட்ராவுக்கு எப்போதும் பன்னிரண்டு வயதுதான்.

அன்றுதான் அவர் தம் கதையைச் சொன்னார். 1990-ல் மீண்டும் போர் மூண்டபோது எட்டு வயது. மன்னார்க் கரையிலிருந்து இரவில் படகு. மண்டபம் முகாமில் பதிவு. பிறகு தமிழ்நாட்டின் உள்மாவட்டம் ஒன்றில் வேறொரு முகாம். பத்தடிக்குப் பத்தடி அறையில் ஐந்து பேர். பக்கத்துக் குடும்பத்துக்கும் தங்களுக்கும் நடுவில் ஒரு தடுப்புத்தான் சுவர். குறித்த நாளில் ஆள் கணக்கெடுப்பு. அன்று இல்லாவிட்டால் உதவித்தொகை நின்றுவிடும் என்ற பயத்தில், காய்ச்சலில் கிடந்த தம்பியைத் தோளில் தூக்கிக்கொண்டு வரிசையில் நின்றிருக்கிறார்.

"படத்துல எல்லாம் நல்லாத்தான் காட்டியிருக்காங்க சார். ஆனா முகாம்னா காத்துக்கிட்டே இருக்கறது. அதை எட்டு நிமிஷத்துல எப்படிக் காட்டுவாங்க?" என்றார். குறையாகச் சொல்லவில்லை. தையலில் ஒரு பிசிறைக் காட்டுவதுபோலத்தான் சொன்னார்.

நம் பக்கத்து முகாம்கள்

சிரியாவுக்காகக் கண்ணீர் விட்ட நான் நம் பக்கத்துக் கணக்கையும் பார்த்தேன். 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பின் அலை அலையாக இந்தியா வந்த இலங்கைத் தமிழர் மூன்று லட்சத்துக்கும் மேல். பலர் திரும்பிப் போனார்கள், சிலர் வேறு நாடுகளுக்குப் போனார்கள். 2021-ல் தமிழ்நாடு அரசு கொடுத்த கணக்குப்படி முகாம்களில் 58,822 பேர்; முகாமுக்கு வெளியே பதிவு செய்துகொண்டு வாழ்பவர்கள் 34,087 பேர். வெள்ளைக்காரர் காலத்தில், இலங்கைத் தோட்டங்களுக்குப் போகும் கூலித் தொழிலாளர்களைத் தங்கவைத்துச் சோதிக்கக் கட்டிய இடம்தான் மண்டபம் முகாம். போனவர்களுக்கும் அதே வாசல், வந்தவர்களுக்கும் அதே வாசல்!

அந்த ஆண்டு ஆகஸ்டில் தமிழ்நாடு அரசு 317 கோடி ரூபாய்த் திட்டம் ஒன்றை அறிவித்தது. 7,469 வீடுகளைப் புதிதாகக் கட்டித் தருவதும், குடும்பத் தலைவருக்கு மாத உதவித்தொகையை 1,000 ரூபாயிலிருந்து 1,500 ரூபாயாக்குவதும் அதில் அடக்கம். அகதிகள் முகாம் என்ற பெயரும் மறுவாழ்வு முகாம் என்று மாறியது. 2022-ல் இலங்கையின் பொருளாதாரம் நொறுங்கியபோது, தனுஷ்கோடி மணல் திட்டுகளில் மறுபடியும் குடும்பங்கள் வந்து இறங்கின.

வீடு கிடைத்தாலும் நாடு கிடைப்பது வேறு விஷயம். 1951-ஆம் ஆண்டின் அகதிகள் ஒப்பந்தத்தில் இந்தியா கையெழுத்திடவில்லை. 1987 ஜூலை 1-க்கு முன் இந்திய மண்ணில் பிறந்தவருக்குப் பிறப்பினாலேயே குடியுரிமை உண்டு. அதன்பின் பிறந்தவருக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்க வேண்டும். 2019-ஆம் ஆண்டின் குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் இலங்கை சேர்க்கப்படவில்லை. 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்களுக்கு, பாஸ்போர்ட், விசா இல்லை என்பதற்கான தண்டனையிலிருந்து மத்திய அரசு 2025-ல் விலக்கு அளித்தது. நிம்மதிதான், ஆனால் அது குடியுரிமை ஆகாது.

தையற்காரரின் தம்பி 1993-ல் முகாமில் பிறந்தவர். தமிழ்நாட்டைத் தவிர வேறு மண்ணை மிதித்ததில்லை. டிப்ளமோ படித்துவிட்டுக் கட்டடங்களுக்குப் பெயிண்ட் அடிக்கிறார். அவருக்குப் பாஸ்போர்ட் கிடையாது, ஓட்டு கிடையாது. போதாக்குறைக்கு, பிறப்புச் சான்றிதழில் தகப்பனார் பெயர் ஒரு மாதிரி, முகாம்ப் பதிவில் வேறு மாதிரி. ஒரே ஒரு எழுத்து. அதைத் திருத்த மூன்று வருடமாக அலைகிறார்களாம். எந்த வி.ஆர். காமிராவுக்கும் இந்த ஓர் எழுத்துப் படாது.

உணர்ந்தால் போதுமா?

அறிஞர்களும் இதைப் பற்றிச் சண்டை போட்டிருக்கிறார்கள். பால் ப்ளூம் என்ற உளவியல் பேராசிரியர் 2016-ல், பிறர் துயரைத் தன் துயராக உணர்வதையே நம்பக்கூடாது என்று ஒரு புத்தகம் எழுதினார். அந்த உணர்வு டார்ச் விளக்கு மாதிரி. எங்கே அடிக்கிறோமோ அங்கே மட்டும் வெளிச்சம், மற்றவர் இருட்டில் நிற்பார்கள் என்பது அவர் வாதம். எந்த நேரமும் கழற்றிவிடலாம் என்று தெரிந்து மாட்டிக்கொள்ளும் கருவியால் அகதியின் அச்சத்தை அறிய முடியாது என்றும் அவர் எழுதினார்.

மறுபக்கமும் சான்று இருக்கிறது. ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்தார் 2018-ல் வெளியிட்ட ஆய்வில், வீடிழந்தவரின் வாழ்க்கையை வி.ஆர். வழியே அனுபவித்தவர்கள், அதையே எழுத்தில் படித்தவர்களைவிட அதிகமாக, ஏழைகளுக்கு வீடு கேட்கும் மனுவில் கையெழுத்திட்டார்கள். எட்டு வாரம் கழித்தும் அந்த மனப்பான்மை குறையவில்லையாம்.

தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும் என்பது நம் பழமொழி. எனக்கும் ஒருமுறை வந்தது. 1991 டிசம்பரில் காவிரிப் பிரச்சினையை ஒட்டி இந்நகரில் கலவரம் மூண்டபோது, ஆயிரக்கணக்கான தமிழர்கள் எல்லை தாண்டிப் போனார்கள். நாங்களும் இரண்டு குழந்தைகளோடு ஒரு விடியற்காலையில் ஓசூரில் இருந்த உறவினர் வீட்டுக்குக் கிளம்பினோம். அப்போது எதிர்வீட்டுக் கன்னட அம்மையார் வந்து எங்கள் வீட்டுச் சாவியை வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டார். பன்னிரண்டு நாள் கழித்துத் திரும்பினோம். வீடு அப்படியே இருந்தது. தினமும் மாலையில் வந்து விளக்கேற்றியிருக்கிறார். விசாரித்தவர்களிடம் "இது என் தம்பி வீடு" என்று சொல்லியிருக்கிறார்.

அந்த அம்மையாருக்கு என் பயம் முழுவதும் புரிந்ததா என்று கேட்டால், புரிந்திருக்காது. அவருக்கு எந்தக் கருவியும் யாரும் மாட்டிவிடவில்லை. ஆனால் சாவியை வாங்கிக்கொள்ளத் தெரிந்தது.

ஏரிக்கரையில் வள்ளுவர் சிலைக்கு அருகே மாலையில் உட்காரும் வழக்கம் எனக்கு உண்டு. 1991-ல் அமைத்தும் திறக்க முடியாமல் பதினெட்டு ஆண்டுகள் மூடிக் கிடந்து, 2009 ஆகஸ்ட் 9 அன்று திறக்கப்பட்ட சிலை அது. திருக்குறளின் 58-ஆவது அதிகாரத்தின் பெயர் 'கண்ணோட்டம்'. இன்று அந்தச் சொல்லைப் 'பார்வைக் கோணம்' என்ற பொருளில் எழுதுகிறோம். வள்ளுவரிடம் அதன் பொருள் இரக்கம். இன்னொரு சிறப்பும் உண்டு. அந்த அதிகாரத்தை அவர் அறத்துப்பாலில் வைக்கவில்லை. பொருட்பாலில், அரசியல் பகுதியில் வைத்தார். கண்ணோட்டம் மனத்துக்குள் கசியும் ஈரம் மட்டும் அல்ல. நிர்வாகம் செய்பவனின் வேலையிலும் அது தெரிய வேண்டும் என்றுதான் எனக்குப் படுகிறது.

முப்பது ஆண்டுகள் அலுவலகக் குமாஸ்தாவாக இருந்தவன் நான். எனக்குத் தெரிந்த ஒரே வித்தை மனு எழுதுவது. தையற்காரரின் தம்பிக்காக, பெயர்த் திருத்தம் கோரி ஆவணங்களை வரிசையாக இணைத்து ஒரு மனு எழுதிக் கொடுத்தேன். ஒப்புகைச் சீட்டு வந்திருக்கிறது. திருத்தம் இன்னும் வரவில்லை. அடுத்த நினைவூட்டுக் கடிதம் தயாராக இருக்கிறது.

படக்காட்சி யோசனையை நான் கைவிடவில்லை. சங்கத்துக்கு இரண்டு வேண்டுகோள்கள் மட்டும் சேர்த்துக்கொள்கிறேன். படம் முடிந்ததும் முகாமில் வாழ்ந்த ஒருவர், விருப்பப்பட்டு வந்தால், பேச வேண்டும். பார்த்தவர்கள் கேட்க வேண்டும். வெளியே ஒரு மேசை போட வேண்டும். மனு எழுதத் தெரிந்தவர், சட்டம் தெரிந்தவர், ஒரு மாணவரின் கல்லூரிக் கட்டணத்தில் ஒரு பங்கு தரக்கூடியவர் அதில் பெயரைப் பதிந்துவிட்டுப் போகட்டும்.

தையற்காரரிடம் இதைச் சொன்னேன். கொஞ்சம் யோசித்தார்.

"செய்யுங்க சார். ஞாயித்துக்கிழமை காலையில வேண்டாம், எனக்குக் கல்யாண ஆர்டர் இருக்கு. சாயங்காலம்னா நானே வந்து பேசுறேன்."

ஆகவே அன்பர்களே, சாயங்காலமாகவே வைத்துக்கொள்வோம்.